‘உறுதி’ என்று நான் சொன்ன கூட்டம்

வேளாண்மைத் துறையில் முப்பத்திரண்டு வருடம் உதவி அலுவலராக இருந்து ஓய்வு பெற்றவள் நான். போன மாதம் தென்காசியில், புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்களுக்கு ஒரு பயிற்சி நடந்தது. காலநிலை மாற்றத்தை விவசாயிகளிடம் எப்படி எடுத்துச் சொல்வது என்று ஒரு மணி நேரம் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். போனேன், பேசினேன். முடிவில் பின்வரிசையிலிருந்து ஒரு பெண் எழுந்தாள்.

“மேடம், ஊர்ல இதை ஒரு கட்சி உண்மைங்குது, இன்னொரு கட்சி பொய்ங்குது. நடுவுல போய் நிக்கிற நாம என்ன பேசணும்?”

“அரசியல் பேசாதீங்க. நம்ம பதிவேட்டுல என்ன இருக்கோ அதை மட்டும் பேசுங்க” என்றேன். எல்லோரும் கைதட்டினார்கள்.

பாவூர்சத்திரத்துக்குத் திரும்பும் பஸ்ஸில் எனக்கு உடம்பு கூசியது. நல்ல அறிவுரைதான். ஆனால் அதை மீறியவள் நான். மீறியதால் ஒரு மனிதருக்கு என்ன ஆனது என்பதை அந்தப் பெண்ணிடம் சொல்லியிருக்க வேண்டும். அங்கே வாய் வரவில்லை. அதனால் எழுதுகிறேன். பெயர்களை மாற்றியிருக்கிறேன். ஊர் அச்சன்புதூர்ப் பக்கம் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன்.

நான் வேலைக்குச் சேர்ந்த கதை பெரிதாக ஒன்றும் இல்லை. இரண்டு வருடப் பட்டயப் படிப்பு, கொஞ்ச நாள் காத்திருப்பு, பிறகு ஒரு சைக்கிளும் விதை மூட்டைகளும். முதல் ஆறேழு வருடம் பொம்பளை வந்து நெல்லைப் பற்றி என்ன சொல்லப்போகிறாள் என்ற பார்வையைத் தாண்டிப்போவதிலேயே கழிந்தது. வேலை என்றால் என்னவென்று எனக்குப் புரியவைத்தவர் பிச்சையா சார்.

பிச்சையா சார் எங்கள் உதவி இயக்குநர். குட்டையான மனிதர், மெதுவான குரல். அலுவலகத்துக்குப் பின்னால் கம்பி வேலிக்குள் ஒரு மழைமானி இருந்தது. காலை எட்டரைக்கு அதைப் பார்த்து எழுத வேண்டும். ஞாயிறு, கிறிஸ்துமஸ், பொங்கல் எதற்கும் விலக்கில்லை. புனலைத் தூக்கி, உள்ளே இருக்கும் தண்ணீரை அளவுக் குவளையில் ஊற்றி, குவளையைச் சமமான கல்லில் வைக்க வேண்டும். கையில் தூக்கிப் பார்த்தால் அவருக்குப் பிடிக்காது. “அளவை உங்க கண்ணுக்குத் தூக்காதீங்கம்மா. நீங்க குனிஞ்சு அளவுக்கு இறங்குங்க” என்பார். தண்ணீரின் மேல்மட்டம் ஓரத்தில் ஏறி நடுவில் குழிந்திருக்கும். அந்தக் குழியின் அடியைத்தான் எழுத வேண்டும். குவளையின் முதல் கோட்டைக்கூட எட்டாத தூறல் என்றால் பூஜ்யம் என்று எழுத விடமாட்டார். “தூறல், அளவில் இல்லை” என்று முழுதாக எழுத வேண்டும். “பூஜ்யம்னா ஒண்ணுமே வரலைன்னு அர்த்தம். வந்தது வந்ததுதான்.”

நாங்கள் எழுதிக் கொடுக்கும் அறிக்கைகளில் தவறு இருந்தால் திட்டமாட்டார், திருத்தவும் மாட்டார். அந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் சிவப்புப் பென்சிலால் ஒரு புள்ளி வைத்துத் திருப்பி அனுப்புவார். என்ன தவறு என்று நாமேதான் கண்டுபிடிக்க வேண்டும். ‘நிச்சயம்’, ‘கண்டிப்பாக’ என்ற சொற்களுக்குப் பக்கத்தில் எப்போதும் புள்ளி விழும். ஒரு தடவை ஏன் என்று கேட்டுவிட்டேன். இரண்டு கைகளின் விரல்களையும் விரித்துக் காட்டி, அதில் சிலவற்றை மடக்கினார்.

“நிமிந்து நிக்கிற விரல் பூரா நாம சொன்னபடி நடக்கிற வருசம். மடக்கின விரல் நடக்காத வருசம். விவசாயிகிட்ட மடக்கின விரலையும் காட்டிட்டுத்தான் யோசனை சொல்லணும். அவருதான வயல்ல நிக்கப்போறாரு.”

இருபது வருடம் நான் அப்படியே செய்தேன்.

எங்கள் பக்கம் கார் சாகுபடிக்கு, அதாவது வருடத்தின் முதல் போக நெல்லுக்கு, வைகாசியில் நாற்றங்கால் போடுவார்கள். குற்றாலத்தில் தண்ணீர் விழுந்துவிட்டது என்று காதில் விழுந்தால் விதையை ஊறப்போட்டுவிடலாம். அருவிதான் அவர்களுக்குத் தந்தி. அந்தத் தந்தி கொஞ்சம் கொஞ்சமாகப் பொய் சொல்ல ஆரம்பித்தது. அருவி ஒரு வாரம் கொட்டும், பிறகு பாறை காய்ந்துவிடும். நாற்று பாய்விரித்த மாதிரி வளர்ந்து நிற்கும், நடுவதற்குக் குளத்தில் தண்ணீர் இருக்காது. பழைய மழைப் பதிவேடுகளை எல்லாம் எடுத்து, ஒவ்வொரு வருடமும் மண்ணை ஊறவைத்த முதல் மழை எந்தத் தேதியில் பெய்தது என்று வரிசையாக எழுதிப் பார்த்தேன். எல்லா வருடமும் அல்ல, ஆனால் அதிகமான வருடங்களில் அது பின்னால் தள்ளிப் போய்க்கொண்டிருந்தது. நாற்றங்காலை ஆனி பத்துக்குப் பிறகு போட்டு, குறுகிய கால நெல்லை வைத்தால் தப்பிக்கும் வாய்ப்பு அதிகம். அதுதான் என் கணக்கு.

அதுவரை ‘காலநிலை மாற்றம்’ என்பது எங்கள் அலுவலகச் சொல். அச்சடித்த காகிதத்தில் வரும், யாரும் கவனிக்கமாட்டார்கள். தென்காசி தனி மாவட்டம் ஆன சில வருடத்தில் அது கட்சிச் சொல்லாக மாறியது. ஆளுங்கட்சி மேடைகளில் அதைப் பேசினார்கள். கால்வாயைத் தூர் வாரவில்லையே என்றால் காலநிலை மாற்றம், குளத்தில் தண்ணீர் நிற்கவில்லையே என்றால் காலநிலை மாற்றம். எதிர்க்கட்சிக்காரர்கள் பார்த்தார்கள். இது இவர்கள் தப்பை மூடுகிற துணி என்று முடிவு கட்டினார்கள். துணிக்கு அடியில் உண்மையும் இருக்கலாம் என்று பார்க்க யாருக்கும் பொறுமை இல்லை. டீக்கடையில் ஒருவர் “வெயிலு ரொம்பத்தான் அடிக்கு” என்றால் அவர் எந்தக் கட்சி என்று திரும்பிப் பார்க்கிற அளவுக்கு வந்துவிட்டது.

அந்த ஊரில் எதிர்க்கட்சியின் கிளைச் செயலாளர் கணபதி. ஏழு ஏக்கர், நல்ல பேச்சு, நல்ல உழைப்பாளி. அவர் மனைவியின் தம்பி மாடசாமி. அத்தானும் மச்சினனும் வாலிபத்தில் ஒரே வாளிப் பசையில் கட்சி போஸ்டர் ஒட்டியவர்கள். இருவர் வயலும் ஒரே மடையில் பாயும்.

மாடசாமி அதிகம் பேசமாட்டார். ஒரு நாள் அவர் வயலுக்குப் போனபோது மோட்டார் ரூமுக்குள் கூப்பிட்டார். உள்சுவரில் கரிக்கட்டையால் வரிசையாகத் தேதிகள். ஒவ்வொரு வருடமும் விதை போட்ட நாள், குளம் நிறைந்த நாள், நட்ட நாள். பத்தொன்பது வருடம்.

“இதை எதுக்குண்ணாச்சி எழுதினீங்க?”

“சும்மாதான் மேடம். மறந்துபோவுதுல்லா.”

என் பையிலிருந்த பதிவேட்டு நகலை எடுத்துச் சுவருக்குப் பக்கத்தில் பிடித்தேன். ஒன்றிரண்டு நாள் முன்னே பின்னே இருந்ததே தவிர, இரண்டும் ஒரே கதையைச் சொல்லின. அவர் விரலால் ஒவ்வொரு வரியாகத் தொட்டுக்கொண்டே வந்து கடைசியில் சொன்னார்: “நாந்தான் பிசகா எழுதிட்டனோன்னு நெனச்சிருந்தேன்.”

அந்த வருடம் சித்திரைக் கடைசியில் சமுதாயக் கூடத்தில் கூட்டம் போட்டோம். ஒரு அரசுத் திட்டத்தின் கீழ் நடந்த கூட்டம் என்பதால் வாசலில் பெரிய பிளெக்ஸ் கட்டியிருந்தார்கள். தலைவர்கள் படம், கட்சி நிறம், ஓரத்தில் பொடி எழுத்தில் எங்கள் துறை. நான் உள்ளே நுழையும்போதே கூட்டம் இரண்டாகப் பிரிந்து உட்கார்ந்திருந்தது. முன்தினம் என் அப்போதைய மேலதிகாரி, பிச்சையா சாருக்குப் பின் வந்தவர்களில் ஒருவர், “வாய்ப்பு கீய்ப்புன்னு இழுக்காதீங்க, தெளிவா ஒரு தேதி சொல்லிட்டு வாங்க” என்று அனுப்பியிருந்தார். பழியை அவர் மேல் போடவில்லை. அவர் அங்கே இல்லை. வாய் என்னுடையது.

நான் தேதிகளைப் படித்துக் காட்டினேன். முடிக்குமுன் கணபதி எழுந்துவிட்டார்.

“மேடம், நீங்க நல்லவிய. உங்கள ஒண்ணும் சொல்லல. ஆனா இங்கன கால்வாயி மேடு தட்டிக் கெடக்கு. ஒரு மம்பட்டி மண்ணு எடுக்கல. கேட்டா வானத்தக் காட்டுதாவ. எங்க அப்பன் குத்தாலத்தப் பாத்து வெதச்சான், நானும் அப்பிடித்தான் வெதைப்பேன்.”

“கால்வாயைத் தூர் வாரணும்ங்கிறதும் சரிதான். மழை தள்ளிப்போகுதுங்கிறதும் சரிதான்” என்றேன்.

எதிர்ப்பக்கம் உட்கார்ந்திருந்த ஆளுங்கட்சிக் கிளைச் செயலாளர் குரல் கொடுத்தார். “கால்வாயி நல்லாத்தான் கெடக்கு. மேடம், நீங்க அதைப் பேச வேண்டாம். மழையைப் பத்திப் பேசுங்க.”

ஒரு பக்கம் கால்வாயைப் பேசக்கூடாது, இன்னொரு பக்கம் மழையைப் பேசக்கூடாது. யாரோ சிரித்தார்கள், யாரோ நாற்காலியை உதைத்தார்கள். அப்போதுதான் மாடசாமி எழுந்தார். தன் கட்சிக்காரர்களுக்கு நடுவிலிருந்து எழுந்தார்.

“மேடம் சொல்லுதது உள்ளதுதான். எங்கிட்டயும் தேதி இருக்கு. நான் இந்தத் தடவை ஆனியிலதான் போடப்போறேன்.”

கணபதி அவரைத் திரும்பிப் பார்த்த பார்வை எனக்கு இன்னும் நினைவில் இருக்கிறது. கோபம் இல்லை அதில். ஆளை அடையாளம் தெரியாத மாதிரி ஒரு பார்வை. பிறகு என் பக்கம் திரும்பினார்.

“சரி மேடம். எம் மச்சினன் உங்கள நம்பி நிக்கான். ஒரே ஒரு வார்த்த சொல்லுங்க. வைகாசியில வெதச்சா போவும், ஆனியில வெதச்சா தேறும். உறுதியாச் சொல்லுவியளா, மாட்டியளா?”

நான் விரல்களை விரித்திருக்க வேண்டும். மடக்கிக் காட்டியிருக்க வேண்டும். ஆனால் அந்த இடத்தில் ‘பெரும்பாலும்’ என்று சொன்னால் அது தோல்வி என்று தோன்றியது. ஒரு பக்கம் கைதட்டிச் சிரிக்கும், எழுந்து நின்ற மாடசாமி தனியாக நிற்பார். எனக்கே தெரியாமல் நானும் ஒரு பக்கம் போய் நின்றுவிட்டிருந்தேன்.

“உறுதி” என்றேன்.

அந்த வருடம் வைகாசி இருபதுக்குள் மேகம் மலையை விட்டு இறங்கிவிட்டது. ஐந்தருவியில் ஐந்தும் சேர்ந்து ஒன்றாகக் கொட்டியது. நான்கு நாளில் குளம் முக்கால்வாசி நிறைந்தது. கணபதியும் அவரைச் சேர்ந்தவர்களும் முன்பே நாற்றங்கால் போட்டிருந்தார்கள், ஆனியிலேயே நட்டு முடித்தார்கள். மாடசாமியும் என் பேச்சைக் கேட்ட இன்னும் பதினொரு பேரும் ஆனி பத்துக்குப் பிறகுதான் விதை போட்டார்கள். மழை அப்போதும் இருந்ததால் நான் பெரிதாகக் கவலைப்படவில்லை. ஆடியில் ஆளுங்கட்சிக்காரர்கள் வந்து பச்சை வயலில் மாடசாமியை நிறுத்திப் படம் எடுத்து, ‘முன்னோடி விவசாயி’ என்று பிளெக்ஸ் அடித்து ஊர் முக்கில் கட்டினார்கள். அவர் தோளில் அவர்கள் துண்டைப் போட்டிருந்தார்கள்.

“வேண்டாம்னு சொல்லியிருக்கலாமே அண்ணாச்சி” என்றேன்.

“துண்டப் போட்ட பொறவுதான் மேடம் தெரிஞ்சுது. எடுத்தா மரியாத இல்லன்னு நின்னுட்டேன்.”

அந்தப் பிளெக்ஸ் கட்டிய நாளிலிருந்து அவர் அக்கா வீட்டிலிருந்து மோர்கூட வரவில்லை.

ஆடி பாதியோடு மழை நின்றது. ஆவணியில் ஒரு துளி இல்லை. முன்னால் நட்டவர்களுக்குக் கதிர் முற்றிவிட்டது, கவலையில்லை. மாடசாமியின் பயிர் அப்போதுதான் பூத்துக்கொண்டிருந்தது. குளம் சேறாகிவிட்டது, கிணறு நாளுக்கு அரைமணி நேரம் ஓடியது. பூக்கிற நேரத்தில் தண்ணீர் இல்லாத நெல் வெளியே பார்க்கக் கதிர்போலத்தான் இருக்கும். நிமிர்ந்து நிற்கும். அதுதான் அடையாளம். மணி பிடித்த கதிர் தலை குனியும்.

நான் போய் நின்றபோது அவர் ஒரு கதிரை உருவி உள்ளங்கையில் தேய்த்து ஊதினார். எல்லாம் பறந்துபோனது. கையில் ஒன்றும் மிஞ்சவில்லை. அவர் என்னைப் பார்க்கவில்லை, திட்டவில்லை. “வெயில்ல நிக்காதீய மேடம், போங்க” என்றார்.

அடுத்த வாரம் அந்தப் பதர் வயலின் படம் போனுக்குப் போன் பரவியது. ‘காலநிலை நாடகத்தை நம்பியவரின் கதியைப் பாரீர்’ என்று மேலே எழுதியிருந்தது. கீழே மாடசாமியின் முகம். கணபதியின் ஆட்கள் போட்டது. ஆளுங்கட்சிக்காரர்கள் ஒரு பகலில் பிளெக்ஸைக் கழற்றிக்கொண்டு போனதோடு சரி, அந்தப் பக்கம் வரவில்லை. டீக்கடையில் அவருக்கு ‘கிளைமேட்டு’ என்று பேர் விழுந்தது. “ஏலே, கிளைமேட்டு வாரான், குடைய எடுத்துக்கோ” என்பார்கள். அவர் டீக்கடைக்குப் போவதை நிறுத்தினார்.

பிச்சையா சார் ஓய்வு பெற்றுத் தென்காசியில் கோயில் பக்கம் இருந்தார். அவரிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன். ரொம்ப நேரம் கேட்டுக்கொண்டிருந்தார்.

“கணக்கு தப்பில்லம்மா. மடக்கின விரல்ல ஒரு வருசம் வந்திருக்கு, அவ்வளவுதான்” என்றார். பிறகு, “அந்த விரலையும் சொன்னீங்களா அவருகிட்ட?” என்று கேட்டார்.

நான் விடைபெற எழுந்தேன். அவர் மறுபடி கேட்கவில்லை. சிவப்புப் புள்ளியை நான் வீடு வரைக்கும் கொண்டுவந்தேன்.

மறு வருடம் அந்த ஊரில் எனக்குக் கூடம் தரவில்லை. ஒட்டிய அறிவிப்பைக் கிழித்துவிட்டார்கள். சித்திரையில் ஒரு மத்தியானம் பாவூர்சத்திரத்தில் என் வீட்டு வாசலில் கணபதி நின்றார். மார்க்கெட்டுக்குக் காய் கொண்டுவந்ததாகச் சொன்னார். தண்ணீர் குடித்தார். பிறகு தாழ்ந்த குரலில் கேட்டார்.

“மேடம், இந்த வருசம் எப்பம் வெதைக்கலாம்?”

“நீங்கதான் குற்றாலத்தைப் பாத்து விதைப்பீங்களே” என்றேன்.

“அது கூட்டத்துல பேசுதது. போன வருசம் நான் தப்பிச்சிட்டேன். அதுக்கு முந்தி ரெண்டு வருசம் எம் நாத்து காஞ்சது எனக்குத் தெரியாதா?”

இந்தத் தடவை நான் விரல்களை விரித்தேன், மடக்கினேன். எத்தனை வருடம் நடந்தது, எத்தனை வருடம் நடக்கவில்லை என்று பதிவேட்டைத் திறந்துவைத்துக் காட்டினேன். அவர் ஒவ்வொன்றாகக் கேட்டார். புத்திசாலித்தனமான கேள்விகள். கடைசியில், இந்தத் தடவை ஆனியிலேயே போடுவதாகச் சொன்னார்.

எழுந்திருக்கும்போது சொன்னார்: “அன்னைக்கும் இப்பிடிச் சொல்லியிருந்தா நான் கேட்டிருப்பனோ என்னவோ.”

கேட்டிருப்பாரா என்று தெரியாது. ஆனால் அந்த வாக்கியம் என்னைச் சும்மா விடவில்லை.

“இதை ஊர்ல நீங்க சொல்லுங்க. நீங்க சொன்னா எல்லாரும் கேப்பாங்க” என்றேன்.

“அது முடியாது மேடம். அவ்வளவு பேசிட்டு இப்பம் நான் மாத்திச் சொன்னா, அந்தப் பக்கத்துக்காரன் மேளம் அடிப்பான். எங்க ஆளுவளே என்னைய வெலைக்குப் போயிட்டான்னு சொல்லுவாவ. நான் இங்கன வந்தத யாருகிட்டயும் சொல்லிராதீய. எம் மச்சினங்கிட்டயும்.”

சரி என்றேன். விவசாயி தனியாக வந்து கேட்டதை வெளியில் சொல்லக்கூடாது என்பது எங்கள் வேலையில் பழக்கம். அந்தப் பழக்கத்துக்குப் பின்னால் நான் ஒளிந்துகொண்டேனா என்று பிறகுதான் யோசித்தேன்.

பத்து நாள் கழித்து மாடசாமியைப் பார்க்கப் போனேன். அவர் மனைவி சாக்கில் விதையை ஊறப்போட்டுக்கொண்டிருந்தார். வைகாசி பிறந்து நான்கைந்து நாள்தான் ஆகியிருந்தது.

“அண்ணாச்சி, இந்த வருசம் கொஞ்சம் பொறுத்துப் பாருங்களேன்.”

“இல்ல மேடம். ஊரோட போட்டுருதேன்.”

குரலில் கசப்பு இல்லை. அதுதான் எனக்குக் கஷ்டமாக இருந்தது. மோட்டார் ரூம் கதவு திறந்திருந்தது, எட்டிப் பார்த்தேன். உள்சுவருக்குப் புதிதாக வெள்ளை அடித்திருந்தார். ஒரு தேதி இல்லை.

உங்கள் அத்தான் வைகாசியில் விதைக்கப்போவதில்லை என்று ஒரே வரி சொல்லியிருந்தால் போதும். நாக்கு நுனி வரை வந்தது. சொல்லவில்லை.

அந்த வருடம் மழை பதிவேடு சொன்னபடி தள்ளிப்போனது. ஊரில் பாதி நாற்றங்கால் வைகாசி வெயிலில் பழுத்து, ஆனியில் வெளுத்துவிட்டது. மாடசாமியுடையது முழுதும் போயிற்று. கணபதியின் வயல் ஆவணியில் தளதளவென்று நின்றது. கேட்டவர்களிடம், வைகாசியில் நாள் சரியில்லை, ஜோசியர் ஆனியில் போடச் சொன்னார் என்று சொன்னாராம். மேடையில் அவர் பேச்சு மாறவே இல்லை.

அந்த ஆவணியிலேயே கணபதியின் மகளுக்குக் கல்யாணம், குற்றாலத்தில் ஒரு மண்டபத்தில். எனக்கும் பத்திரிகை வந்தது. தாய்மாமன் என்ற இடத்தில் மாடசாமியின் பெயர் இல்லை. மணவறையில் மாமன் மாலையைப் பெண்ணின் அம்மாவுக்கு ஒன்றுவிட்ட தம்பி ஒருவர் போட்டார். பெண்ணின் அம்மா, மாடசாமியின் அக்கா, அந்த நேரம் மணவறையில் இல்லை. கைகழுவப் போனபோது பின்கட்டில் அவரைப் பார்த்தேன். பட்டுப்புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றார்.

“அவன் தூக்கி வளத்த புள்ள மேடம்” என்றார். “வெயிலு, மழைன்னு பேசிப் பேசி எங்கன கொண்டுவந்து விட்டுட்டாவ பாத்தியளா.”

அவர் யாரைச் சொன்னார் என்று நான் கேட்கவில்லை. எல்லோரையும்தான்.

ஓய்வு பெற்று ஒரு வருடம் கழித்து, பாவூர்சத்திரம் மார்க்கெட்டில் மாடசாமியைப் பார்த்தேன். வயலைக் குத்தகைக்கு விட்டுவிட்டு ஒரு கமிஷன் கடையில் எடை போடும் வேலைக்கு வந்திருந்தார். முடி முழுதும் நரைத்திருந்தது. தக்காளிப் பெட்டியைத் தராசில் வைத்துவிட்டு, முள் நிற்கும் வரை கையை எடுத்துக்கொண்டு காத்திருந்தார். என்னைக் கண்டதும் துண்டால் ஒரு பெட்டியைத் துடைத்து உட்காரச் சொன்னார். டீ வரவழைத்தார்.

அன்றைக்காவது சொல்லிவிட வேண்டும் என்று ஆரம்பித்தேன்.

“அண்ணாச்சி, அந்தக் கூட்டத்துல நான் உறுதின்னு சொன்னது தப்பு. அப்படிச் சொல்ல எனக்கு உரிமை கிடையாது. என்னால உங்க பயிர் போச்சு.”

அவர் டீயை ஆற்றிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார்.

“நீங்க சொன்னதுக்காவ நான் தள்ளிப் போடல மேடம். சுவத்துல இருந்ததப் பாத்துத்தான் போட்டேன். மழ ஏமாத்திட்டு. அதுல எனக்கு வருத்தமில்ல. வெவசாயத்துல அதெல்லாம் உள்ளதுதான.” டீயை ஒரு வாய் குடித்தார். “மறு வருசந்தான் நான் தப்புப் பண்ணினேன். எல்லாந் தெரிஞ்சே ஊரோட போய் வெதச்சேன். நாலு பேரோட நின்னு டீக்குடிக்கணும்னு ஆசயா இருந்துச்சு.”

மிச்சத்தையும் சொன்னேன். கணபதி என் வீட்டுக்கு வந்தது, கேட்டது, சொல்ல வேண்டாம் என்றது, நான் மறைத்தது.

அவர் ஆச்சரியப்படவில்லை.

“தெரியும் மேடம். அத்தான் நாத்தங்காலத் தாண்டித்தான நான் வயலுக்குப் போவணும். நாங்கள்லாம் போட்டாச்சு, அது மட்டும் வெறுசாக் கெடந்துச்சு. என்னத்தான், போடலியான்னு நாந்தான் வாயவிட்டுக் கேட்டேன். ஒரு வருசம் கழிச்சு அவருட்ட அன்னைக்குத்தான் பேசுதேன். வெத கெடைக்கலடா மாப்ளன்னாரு. நான் சரின்னுட்டு வந்துட்டேன்.”

“அப்பவே புரிஞ்சிருக்குமே அண்ணாச்சி. நீங்க மறுபடி விதை வாங்கிப் போட்டிருக்கலாமே.”

“நானும் ஆனியில போட்டா, அவரு வைகாசியில போடாதது எதுக்குன்னு ஊருக்குத் தெரிஞ்சுபோவும்லா. அவருக்கு அசிங்கம்.”

வெளியே டெம்போ ஒன்று ஹாரன் அடித்தது. அவர் எழுந்து இரண்டு பெட்டிகளை நகர்த்தி வழிவிட்டுவிட்டு வந்தார். போன பங்குனியில் கணபதிக்கு நெஞ்சடைப்பு வந்து ஆஸ்பத்திரியில் கிடந்ததையும், தான் மூன்று நாள் கூட இருந்ததையும் சொன்னார். இப்போது வாரம் ஒரு தடவை அக்கா வீட்டுக்குப் போய்வருகிறாராம். மகளுக்குக் குழந்தை பிறந்திருக்கிறதாம்.

“அத்தான் நல்லாப் பேசுதாரா?” என்று கேட்டேன்.

“பேசுதாரு மேடம். பிள்ளையப் பத்தி, மாட்டப் பத்தி, வெலவாசி, எல்லாம் பேசுதோம்” என்றார். டம்ளரைக் கழுவிக் கவிழ்த்தார். “மழையப் பத்தி மட்டும் ரெண்டு பேரும் பேசிக்கிடுததில்ல.”